பதினேழாம் கேள்வி

விடைத்தாள் திருத்தும் முகாமில் அறுபது பேர் இருந்தார்கள். அறுபது பேரும் திருத்தினார்கள். படித்தவன் ஒருவன்தான். அதற்காகவே அவனுக்கு ‘முழுசு’ என்று பட்டம் கட்டியிருந்தார்கள். எந்தத் தாளையும் முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் முழுசாகப் படிக்கிற கிறுக்கன் என்று அர்த்தம்.

பக்கத்து நாற்காலிக்காரருக்கு ரயில் என்று பெயர். நாற்பது பக்கத் தாளை மூன்று நிமிஷத்தில் கடந்துவிடுவார். நடுவில் எங்கும் நிற்பது கிடையாது. சிவப்புப் பேனா ஓரமாகக் கோடு இழுத்துக்கொண்டே போகும்; தடித்த எழுத்தில் தலைப்பு ஏதாவது கண்ணில் பட்டால் ஒரு டிக். கடைசியில் பேப்பரின் கனத்தைக் கையில் வைத்துப் பார்த்து மார்க் போடுகிறார் என்றுகூடச் சொல்வார்கள். அது முழுப் பொய் இல்லை.

“என்ன முழுசு, இன்னும் ரெண்டாவது தாள்லயே நிக்கற? உள்ள கதை கிதை எழுதி வெச்சிருக்கானா?”

“மூணாவது சார்.”

“அடேயப்பா. பாத்துப் போ. மூச்சு வாங்கப் போகுது.”

கல்லூரியின் உள்விளையாட்டரங்கத்தில்தான் முகாம். தரையில் ஆட்டக் கோடுகள் வெள்ளையும் மஞ்சளுமாக ஓட, அவற்றின் மேல் மேஜைகளைக் குறுக்கும் நெடுக்குமாகப் போட்டிருந்தார்கள். மின்விசிறிகள் எட்டாத உயரத்தில் சுற்றின. காற்று கீழே வருவதற்குள் சூடாகிவிடும். ஒரு கோடியில் மேடை. மேடைமேல் தலைமைத் தேர்வாளர். அவருக்கு மட்டும் தனி மின்விசிறி, மேஜை விரிப்பு, தண்ணீர் ஜாடி.

எல்லோர் முன்னாலும் இரண்டு பக்கம் அச்சடித்த விடைக்குறிப்பு இருந்தது. அதைக் கீ என்பார்கள். கீயில் இருப்பது தாளில் இருந்தால் மார்க். கீயில் இல்லாதது எதுவானாலும் வெறும் மை. அந்தக் கீயை எழுதியவர் மேடைமேல் இருந்தவர்தான். மாணவர்கள் மனப்பாடம் செய்கிற கைடும் அவர் எழுதியதுதான். அந்நியமாதல் பற்றித் தடியாக ஒரு புத்தகமும் எழுதியிருந்தார். அதை முழுசு கடன் வாங்கி இரண்டு தடவை படித்து, ஓரத்தில் பென்சிலால் கோடு போட்டு, அப்புறம் திருப்பிக் கொடுக்க மனசில்லாமல் கொடுத்தவன்.

பதினேழாம் கேள்வி இருபது மார்க்குக்கு. ‘இலக்கியத்திலும் சமூகத்திலும் அந்நியமாதல் — விவரிக்க.’ கீயில் ஒன்பது குறிப்புகள். வரையறை இரண்டு மார்க், தோற்றம் இரண்டு, செய்த பொருளிலிருந்து அந்நியமாதல் இரண்டு, செய்யும் வேலையிலிருந்து இரண்டு, சக மனிதரிடமிருந்து இரண்டு, தன்னிடமிருந்து இரண்டு, நகர வாழ்க்கை இரண்டு, இலக்கியச் சான்று நான்கு, முடிவுரை இரண்டு.

காலையிலிருந்து இருபத்திரண்டு தாள். இருபத்திரண்டு பேரும் ‘இன்றைய இயந்திர யுகத்தில்’ என்று ஆரம்பித்திருந்தார்கள். கைடில் ஓர் இடத்தில் எழுத்து விட்டுப்போயிருந்தது; இருபத்திரண்டு தாளிலும் அந்த எழுத்தைக் காணோம். தியானமும் குடும்ப உறவும் அந்நியமாதலைப் போக்கும் என்று இருபத்திரண்டு பேரும் முடித்திருந்தார்கள். எல்லோருக்கும் பதினாறு, பதினேழு போட்டான். போடாமல் என்ன செய்ய? கீ அதைத்தானே கேட்டது. ஆனால் ஒவ்வொரு பதினாறுக்கும் அவனுக்குள் ஏதோ கெட்டுக்கொண்டே வந்தது.

அவனே அந்தக் கல்லூரியில் அரைகுறை ஆள். ஜூனில் ஒரு கடிதம் தருவார்கள். பிப்ரவரியில் அந்தக் கடிதம் செத்துப்போகும். எட்டு மாசம் வாத்தியார், நாலு மாசம் ஒன்றுமில்லை. ஆசிரியர் அறைப் பலகையில் மற்றவர் பெயர்களைப் பெயிண்டில் எழுதியிருந்தார்கள். அவன் பெயர் சாக்பீஸில். துடைக்கிற அம்மாவின் கை எப்போது கொஞ்சம் தாராளமாகப் போகிறதோ அன்றைக்கு அவன் இல்லை. முகாமில் நல்ல பேர் எடுத்தால் ஜூன் கடிதம் வரும். அந்த நல்ல பேரைக் கொடுப்பதும் கெடுப்பதும் மேடையில் இருப்பவர் கை.

இருபத்துமூன்றாவது தாளில் பதினேழாம் கேள்விக்கு வந்தான். முதல் வரியிலேயே பேனாவை மூடினான்.

‘நான் ஒரு சலவைக் கூடத்தில் வேலை செய்கிறேன். ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்புகள் எங்களிடம் வரும். எங்கள் கூடத்தில் ஆறு இயந்திரங்கள். நான் நான்காவதில் நிற்பதால் என்னை நாலு என்பார்கள். போன மழைக்காலத்தில் நான்காவது இயந்திரம் பழுதானது. நாலு ரிப்பேர், நாளைக்கு வரவேண்டாம் என்றார்கள். எட்டு நாள் கழித்துப் போனபோது மேற்பார்வையாளர், நாலு சரியாயிடுச்சா என்று கேட்டார். சரியாகிவிட்டது சார், இப்போது காய்ச்சல் இல்லை என்றேன். அவர் இயந்திரத்தைக் கேட்டிருக்கிறார்.’

சத்தமாகச் சிரித்துவிட்டான். ரயில் திரும்பிப் பார்த்தார். அடுத்த பத்தியில் சிரிப்பு நின்றுவிட்டது.

‘மூன்றாவது இயந்திரத்தில் நின்றவர் இரண்டு வருடம் என்னோடு விரிப்பு மடித்தார். அவர் இரண்டு முனை பிடிப்பார், நான் இரண்டு முனை பிடிப்பேன். மடித்து முடிக்கும்போது இருவர் கையும் தொடும். ஒருநாள் அவர் இறந்துவிட்டார் என்றார்கள். துக்கம் கேட்கப் போனோம். தெரு தெரியும், வீடு தெரியாது. யார் வீட்டுக்கு என்று கேட்டார்கள். எங்களில் ஒருவருக்கும் அவர் பெயர் தெரியவில்லை. சலவைக் கூடத்தில் வேலை செய்கிறவர் வீடு என்றோம். இந்தத் தெருவில் அப்படி யாரும் இல்லை என்றார்கள். அவர் தெருவில் வேறு வேலை சொல்லி வைத்திருந்திருக்கிறார். வாங்கிப்போன மாலையை எங்கே போடுவது என்று தெரியாமல் திரும்பி வந்தோம்.’

மூன்றரைப் பக்கம். தலைப்பு இல்லை, அடிக்கோடு இல்லை, முடிவுரை இல்லை. நேரம் முடிந்துவிட்டது போலிருக்கிறது. கடைசி வாக்கியம் பாதியில் நின்றது. முழுசு திரும்பவும் முதலிலிருந்து படித்தான். பதினெட்டு போட்டான். மற்ற கேள்விகளில் அந்தத் தாளுக்கு எண்பதுக்கு முப்பத்தொன்றுதான் தேறியிருந்தது. இலக்கணத்தில் எல்லாம் தடுமாறியிருந்தது. பதினெட்டு சேர்ந்ததும் நாற்பத்தொன்பது. பாஸ் மார்க் நாற்பது.

அத்தோடு விட்டிருக்கலாம். அடுத்த தாளை எடுத்திருக்கலாம். ரயில் அப்படித்தான் செய்திருப்பார். ரயில் அந்தப் பக்கத்தைப் படித்தே இருக்கமாட்டார் என்பது வேறு விஷயம். ஆனால் நல்ல எழுத்தைப் படித்தவனுக்கு வாய் சும்மா இருக்காது. யாரிடமாவது சொல்லியாக வேண்டும். அந்நியமாதல் பற்றி முன்னூறு பக்கம் எழுதிய மனுஷன் இருபது அடி தூரத்தில் உட்கார்ந்திருக்கிறார். அவரைவிட இதைப் பார்த்துச் சந்தோஷப்பட வேறு யார் இருக்கிறார்கள்?

தாளை எடுத்துக்கொண்டு மேடை ஏறினான்.

“சார், ஒரு பதில் இருக்கு. நீங்க அவசியம் படிக்கணும்.”

தலைமைத் தேர்வாளர் கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கினார். ஒரு பத்தி படித்தார். இரண்டாவது பத்தியில் புருவம் ஏறியது. முழுசு அதை வியப்பு என்று எடுத்துக்கொண்டு வாயெல்லாம் பல்லாக நின்றான். அவர் மேஜை இழுப்பறையைத் திறந்து ரோஸ் நிறப் படிவம் ஒன்றை உருவினார்.

“நல்ல வேளை கொண்டு வந்தீங்க. இல்லன்னா ரெண்டு பேருக்கும் தலைவலி ஆயிருக்கும்.”

“என்ன சார்?”

“என்ன என்ன சார்? தன்னைப் பத்தி எழுதி வெச்சிருக்கான் பாருங்க. வேலை செய்யற எடம், என்ன வேலை, நம்பர் வேற. நாலாம் நம்பராம். பேர், எண், குறி எதையும் எழுதி அடையாளத்தைக் காட்டக் கூடாதுன்னு முன் பக்கத்துலயே அச்சடிச்சிருக்கோம். இது முறைகேடு. இந்தப் பரீட்சை ரத்து, அடுத்த ரெண்டு வருஷம் எழுத முடியாது.”

முழுசுக்குக் காதில் விழுந்தது, மண்டைக்குள் ஏறவில்லை.

“சார், கேள்வியே அதானே. அந்நியமாதலை விவரின்னு கேட்டிருக்கோம். விவரிச்சிருக்கு.”

“பாடத்துல இருக்கற அந்நியமாதலைக் கேட்டோம். இவன் வீட்டு அந்நியமாதலை யார் கேட்டது? கண்டுபிடிச்சவர்னு இங்க நீங்க கையெழுத்துப் போடணும். கீழ நான் போடறேன். அஞ்சு மணிக்கு சீல் வெச்சு அனுப்பிடலாம்.” அவர் பேனாவை நீட்டினார். “நல்ல கண்ணு உங்களுக்கு. ரிப்போர்ட்ல எழுதறேன்.”

படிவத்தில் ‘கண்டுபிடித்தவர்’ என்று ஒரு கட்டம் இருந்தது. அவன் அந்தக் கட்டத்தைப் பார்த்துக்கொண்டே நின்றான். திருடனைப் பிடித்துக் கொடுத்தவன் மாதிரி அவனுக்கு ஒரு கட்டம்.

“சாப்பிட்டு வந்து போடறேன் சார்” என்று வாயில் வந்ததைச் சொல்லிவிட்டுக் கீழே இறங்கினான்.

சாப்பாட்டு மேஜையில் ரயில் விஷயத்தைக் கேட்டுவிட்டு டப்பாவை மூடினார்.

“ஏன்யா, உனக்கென்ன பைத்தியமா? நல்ல பதில்னா கம்முனு மார்க்கப் போட்டுட்டுக் கட்டுக்குள்ள தள்ள வேண்டியதுதானே. மேல எதுக்கு எடுத்துட்டுப் போன?”

“படிச்சா சந்தோஷப்படுவாருன்னு நெனச்சேன்.”

“அவரு படிச்சு இருவது வருஷம் ஆச்சு. இப்ப எழுதறதோட சரி.” ரயில் குரலைத் தணித்தார். “போட்டுட்டுப் போ. யாரு பெத்த புள்ளையோ. உன் ஜூன் மாசத்தைப் பாரு.”

யாரு பெத்த புள்ளையோ. முழுசு எழுந்தான். டப்பாவோடு மாடிப்படிக்குக் கீழே போய் நின்றான். அரங்கத்துக்குள் போன் கூடாது. படிக்கட்டுக்கு அடியில் யாரும் கேட்கமாட்டார்கள். மனைவியைக் கூப்பிட்டான். அவளுக்கும் அது சாப்பாட்டு நேரம். ஆயத்த ஆடை கம்பெனியில் தைத்து வரும் சட்டைகளைச் சரிபார்க்கிற வேலை அவளுக்கு. பின்னால் நூறு தையல் மெஷின்கள் ஓய்ந்திருக்கிற அமைதி கேட்டது.

நடந்ததைச் சொன்னான்.

“பாராட்டறதுக்கு உங்களுக்கு வேற ஆளே கெடைக்கலையா?”

“தெரியாம செஞ்சுட்டேன்.”

“தெரியாமன்னு இப்ப எங்கிட்ட சொல்லி என்ன பண்ண? அந்தப் புள்ளை பரீட்சைக்கு லீவு கேட்டிருக்கும். அதுக்கு என்னென்ன பேச்சு வாங்குச்சோ. வேலை செஞ்சுகிட்டே படிக்கறதுன்னா சும்மாவா?” அவள் குரல் ஏறியது. “என் அண்ணன் கூப்பிட்டப்பவே போய் அவன் பெயிண்டு கடையில உக்காந்திருக்கலாம். இந்தப் பாவமாவது இல்லாம போயிருக்கும்.”

மச்சான் மாசத்துக்கு ஒருதரம் வீட்டுக்கு வருவான், வந்ததும் ரெண்டு அறையையும் ஒரு தரம் சுற்றிப் பார்த்துவிட்டு, “என்ன மாப்ள, இப்ப வாத்தியாரா இல்லையா? எந்த மாசம் இது?” என்பான். அதற்கு அவள் இதுவரை சிரித்ததில்லை. இன்றைக்குத்தான் அண்ணன் பக்கம் போயிருக்கிறாள்.

“கையெழுத்துப் போடலன்னா ஜூன்ல கூப்பிட மாட்டாங்க” என்றான்.

“போட்டா அந்தப் புள்ளைக்கு ரெண்டு வருஷம். நான் உங்களப் போடுன்னும் சொல்லல, போடாதன்னும் சொல்லல. ஆனா ஒண்ணு கேக்கறேன். அவங்க என்ன வெச்சு அளக்கறாங்க?”

“ஒரு கீ இருக்கு. ஒம்பது பாயிண்ட்டு.”

“எங்க சூப்பர்வைசரும் ஒரு அட்டைய வெச்சுக்கிட்டுத்தான் வருவாரு. சட்டை அழகா இருக்கா, தைச்சவ அழுதாளா, அதெல்லாம் அவருக்குத் தெரியாது. காலரு அட்டைக்குள்ள பொருந்துச்சுன்னா பாஸு. அட்டைக்குள்ள பொருத்திக் காட்டுங்க. அழகா இருக்கு அழகா இருக்குன்னு அவர்கிட்டப் போய் நிக்காதீங்க.”

மெஷின்கள் ஓட ஆரம்பித்தன. அவள் வைத்துவிட்டாள்.

மேடையில் தலைமைத் தேர்வாளர் பழம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். ரோஸ் படிவம் அதே இடத்தில், மேலே பேனா.

“வாங்க. போட்டுடுங்க.”

“சார், இதுல ஒரு கட்டம் காலியா இருக்கு.” முழுசு குனிந்து விரலை வைத்தான். “ ‘வெளிப்படுத்தப்பட்ட அடையாளம்’. இதுல என்ன எழுதப் போறீங்க?”

“அதான் எழுதியிருக்கானே. சலவைக் கூடம், நாலு.”

“சரி சார். யாரு அது?”

“என்ன யாரு?”

“அடையாளம் வெளிப்பட்டுடுச்சுன்னு சொல்றீங்க. இப்ப நமக்குத் தெரியணுமே. யாரு சார் அது? ஆம்பளையா பொம்பளையா?”

“எனக்கென்னய்யா தெரியும்?”

“எந்த ஊரு? எத்தனை வயசு? எந்தக் கூடம்? சலவைக் கூடம் இல்லாத ஊரு இருக்கா? நாலாவது மெஷின் இல்லாத கூடம் இருக்கா?” குரல் உயர்ந்துவிட்டது, கீழே சில பேனாக்கள் நின்றன. “அந்த ஆளோட ரெண்டு வருஷம் கை தொட்டு வேலை செஞ்சவங்களுக்கே பேர் தெரியாதுன்னு எழுதியிருக்கு சார். ஒரே ஒரு பத்தியப் படிச்சதுல நமக்கு மட்டும் தெரிஞ்சுடுச்சா? கட்டத்துல பேர எழுதுங்க. எழுதினா நான் இப்பவே கையெழுத்துப் போடறேன்.”

தலைமைத் தேர்வாளர் வாயிலிருந்த விதையைக் காகிதத்தில் துப்பினார். கோபம் வந்துவிட்டது, ஆனால் கட்டம் காலியாகவே இருந்தது, அவரிடம் அதில் எழுத எதுவும் இல்லை. கண்டுபிடித்தவர் கையெழுத்தில்லாமல் படிவம் போனால் மேலிடத்துக்கு அவரே நேரில் போய் விளக்கம் சொல்ல வேண்டும். அதற்கு ஒரு நாள் போகும். கைகட்டி நிற்க வேண்டும். அவர் கைகட்டி நின்று ரொம்ப நாளாயிருக்கும்.

“ரொம்பப் பேசறீங்க.” படிவத்தை மடக்கி இழுப்பறைக்குள் தள்ளினார். “சரி. முறைகேடு வேண்டாம். ஆனா பதினெட்டும் கிடையாது. என் முன்னால உக்காந்து கீப்படி போடுங்க. கீயில இல்லாததுக்கு அரை மார்க் போட்டாலும் நான் அடிப்பேன். என்ன வருதோ வரட்டும்.”

வருவது சைபர்தான் என்று அவர் முகத்தில் எழுதியிருந்தது. சைபர் என்றால் முப்பத்தொன்று. முப்பத்தொன்று என்றால் மறுபடியும் லீவு கேட்டு, பேச்சு வாங்கி, மறுபடியும் எழுத வேண்டும். நாற்பதுக்கு ஒன்பது மார்க் தேவை.

முழுசு ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு மேஜைக்கு எதிரே உட்கார்ந்தான். இடது பக்கம் கீ, வலது பக்கம் தாள், நடுவில் சிவப்புப் பேனா.

“வரையறை?” என்றார்.

“இல்ல சார்.”

“தோற்றம்?”

“இல்ல.”

“அப்பறம் என்னத்துக்கு உக்காந்திருக்கோம்?”

“மூணாவது குறிப்பு. செஞ்ச பொருள்லேர்ந்து அந்நியமாதல்.” பக்கத்தைத் திருப்பிச் சத்தமாகப் படித்தான். “ ‘என் அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது அவர் படுத்திருந்த விரிப்பின் ஓரத்தைத் திருப்பி எங்கள் கூடத்து முத்திரை இருக்கிறதா என்று பார்த்தேன். இருந்தது. நர்ஸ் வந்து, கைய எடுங்க, அது சுத்தமானது என்றார்.’ ரெண்டு மார்க் சார்.”

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். கீயைப் பார்த்தார். அவர் எழுதிய கீ. “போடுங்க.”

முழுசு அந்த வாக்கியத்தின் அடியில் சிவப்புக் கோடு இழுத்தான். ஓரத்தில் மூன்று என்று எழுதி வட்டம் போட்டான். அம்மாவும் விரிப்பும் நர்ஸும் ‘குறிப்பு மூன்று’ ஆனார்கள்.

“நாலாவது. செய்யற வேலைலேர்ந்து. ‘கை மடித்துக்கொண்டிருக்கும். நான் அங்கே இருக்கமாட்டேன். எத்தனை மடித்தேன் என்று மீட்டர்தான் சொல்லும்.’ ரெண்டு.”

“ம்.”

“அஞ்சாவது, சக மனுஷங்ககிட்டேர்ந்து. துக்கம் கேக்கப் போன இடம். ரெண்டு.”

“அது நீளமா இருக்கு. எந்த வரிக்கு மார்க்?”

“எந்த வரிக்கு வேணாலும் போடலாம் சார்.”

“ஒரு வரியச் சொல்லுங்க.”

அவன் தேடினான். எதை எடுப்பது? கை தொட்டதையா, தெருவையா, மாலையையா? கடைசியில், ‘ஒருவருக்கும் அவர் பெயர் தெரியவில்லை’ என்பதை மட்டும் அடிக்கோடிட்டு மீதியை விட்டான். பல்லைக் கடித்துக்கொண்டு விட்டான். கசாப்புக் கடையில் எலும்பைத் தள்ளிவிட்டுக் கறியை எடை போடுகிற மாதிரி இருந்தது. தள்ளிய எலும்பில்தான் உயிர் இருந்தது.

“ஆறாவது, தன்னிடமிருந்து. ‘வீட்டில் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் இரண்டாவது தடவைதான் திரும்பிப் பார்க்கிறேன்.’ ”

“ஒரே வரிதானா?”

“கைடுலயும் ஒரே வரிதான் சார்.”

அவர் அவனை நிமிர்ந்து பார்த்தார். “போடுங்க.”

எட்டு. இன்னும் ஒன்று வேண்டும்.

“இலக்கியச் சான்று” என்றான். “நாலு மார்க்ல ரெண்டு குடுக்கலாம் சார். ‘எங்கள் பாடத்தில் உள்ள கதைகளில் அந்நியப்பட்டவர்கள் எல்லோரும் ஜன்னலோரம் உட்கார்ந்து மழையைப் பார்க்கிறார்கள். எங்கள் கூடத்தில் ஜன்னல் இல்லை. வேலைக்கு வருகிறவர் நனைந்து வந்தால்தான் வெளியே மழை என்று எங்களுக்குத் தெரியும்.’ ”

“எந்தக் கதை? ஆசிரியர் பேர் எங்க? நூல் பேர் எங்க?”

“எல்லாக் கதையையும் பத்தித்தான் சார் சொல்லுது.”

“பேர் இல்லன்னா சான்று இல்ல. சைபர்.”

“சார், மத்த இருபத்திரெண்டு பேர் தாள்லயும் நீங்க குடுத்த பேரத்தான் எழுதியிருக்காங்க. ஒருத்தராவது அந்தக் கதைகளைப் படிச்சிருக்காங்கன்னு இந்த ஒரு தாள்லதான் தெரியுது.”

“சைபர்னா சைபர். எழுதுங்க.”

அவன் எழுதினான். ஜன்னல் வரிக்குப் பக்கத்தில் ஒரு சிவப்புச் சைபர்.

“நகர வாழ்க்கை” என்றான். பக்கத்தைத் திருப்பினான். “பஸ் வருது சார் கடைசிப் பக்கத்துல. ‘என் மேல் மருந்து வாடை அடிக்கும். எவ்வளவு கூட்டமானாலும் என் பக்கத்து இடம் காலியாகவே வரும், அதனால் நான்...’ அதோட நேரம் முடிஞ்சிருக்கு. வாக்கியம் முடியல.”

“முடியாத வாக்கியத்துக்கு எப்படி ரெண்டு மார்க்?”

“ஒண்ணு குடுங்க.”

“என்ன, கத்திரிக்கா வாங்கறீங்களா?”

“ஒண்ணு போதும் சார்.”

அவன் கெஞ்சிவிட்டான். கெஞ்சினது தெரிந்ததும் அவனுக்கு முகம் எரிந்தது. தலைமைத் தேர்வாளருக்கு அது போதுமாயிருந்தது. முகம் இளகியது, நாற்காலியில் சாய்ந்தார். “ஒழிஞ்சு போகட்டும். ஒண்ணு.”

ஒன்பது. முப்பத்தொன்றும் ஒன்பதும் நாற்பது. முன் பக்கத்தில் எண்ணாலும் எழுத்தாலும் எழுதினான். அவர் சுருக்கொப்பம் போட்டார். பதினெட்டை அடித்துவிட்டு ஒன்பது என்று திருத்திய இடத்திலும் ஒன்று போட்டார்.

“பாத்தீங்களா? கடைசியில எல்லாம் கீக்குள்ளதான் இருந்துச்சு. நீங்கதான் என்னமோ வானத்துலேர்ந்து குதிச்ச மாதிரி எடுத்துட்டு வந்தீங்க.”

முழுசு பேனாவை மூடினான். அவன் கண் எதிரே மூன்றரைப் பக்கம், கோடும் வட்டமும் எண்ணுமாகச் சிவந்து கிடந்தது. நாலாம் நம்பருக்கு அங்கே என்ன செய்தார்களோ அதையே இங்கேயும் செய்தாயிற்று. அதுவும் வேண்டியவன் கையால். இரண்டு மாசம் கழித்து ஏதோ ஒரு போனில் நாற்பது என்று வரும். தப்பித்தோம் என்று அந்தப் பிள்ளை நினைத்துக்கொள்ளும். எழுதினதை ஒருத்தன் படித்தான் என்று அதற்குத் தெரியப்போவதில்லை. கடனுக்குப் போட்டுத் தள்ளியிருக்கிறார்கள் என்றுதான் நினைக்கும். அப்படி நினைத்தால் அதில் தப்பும் இல்லை.

எடுத்துக்கொண்டு எழுந்திருக்கப் போனான். அவர் தாளின் மேல் கை வைத்தார்.

“இருங்க. அடுத்த மாசம் ஒரு கருத்தரங்கு. அந்நியமாதல் பத்தித்தான் பேசறேன்.” டைரியைத் திறந்து, தாளைத் தன் பக்கம் திருப்பி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டார். “அந்த ஜன்னல் விஷயம் கொஞ்சம் நல்லா இருக்கு. நம்ம மொழியில கொஞ்சம் மெருகேத்திட்டா நிக்கும்.” எழுத ஆரம்பித்தார். நிதானமாக, அழகான கையெழுத்தில்.

முழுசு பார்த்துக்கொண்டு நின்றான். பேனா ‘ஜன்னலோரம் உட்கார்ந்து’ வரைக்கும் வந்தது. காலையிலிருந்து உள்ளே கெட்டுக்கொண்டு வந்தது மேலே ஏறித் தொண்டைக்கு வந்தது.

“அதுக்கு சைபர் போட்டீங்களே சார்.”

அவர் நிமிரவில்லை. “ம்?”

“சைபர்!” அரங்கம் முழுக்கக் கேட்டது. அறுபது பேனாவும் நின்றன. “சைபர் போட்ட வரிய எதுக்கு எழுதறீங்க? சான்று இல்லன்னீங்க. பேர் இல்லன்னீங்க. உங்க கட்டுரையில யாரு பேர் போடுவீங்க? நாலுன்னு போடுவீங்களா?”

“மெதுவாப் பேசுங்க.”

“அந்த வரி தேவைன்னா அதுக்கு ரெண்டு மார்க் போட்டுட்டு எழுதுங்க. நான் எழுதறேன், நீங்க சுருக்கொப்பம் போடுங்க. நாப்பத்திரெண்டு ஆகும். இல்லன்னா கைய எடுங்க.”

கையை எடுங்கள் என்று அவரிடம் யாரும் சொல்லி எத்தனை வருஷம் ஆயிற்றோ. அவர் எடுத்தே விட்டார். எடுத்த பிறகுதான் எடுத்தது அவருக்குத் தெரிந்தது. காது மடல் வரைக்கும் சிவந்தது.

“நாளையிலேர்ந்து நீங்க வர வேண்டாம்.”

“சரி சார்.”

“இந்த முகாமுக்கு மட்டும் இல்ல.”

“புரியுது சார்.”

தாளை எடுத்துக்கொண்டு படியிறங்கினான். ரயில் நாற்காலியை நகர்த்தி வழி விட்டார். முழுசு தன் மேஜையில் மற்ற தாள்களோடு அதைச் சேர்த்து அடுக்கி, துணியில் சுற்றி, கயிற்றை இறுக்கினான். சுருக்கொப்பம் விழுந்த கட்டை சீல் வைத்துவிட்டால் அப்புறம் யாரானாலும், தலைமைத் தேர்வாளரே ஆனாலும், மூன்று கையெழுத்து இல்லாமல் பிரிக்க முடியாது. மெழுகுவத்தியில் அரக்கைக் காய்ச்சினான். அவசரத்தில் ஒரு சொட்டு கட்டை விரலில் விழுந்து பொசுக்கியது. உதறவில்லை. முடிச்சின் மேல் அரக்கை வழியவிட்டு, முத்திரைக் கட்டையை வைத்து உடம்பின் பாரத்தை எல்லாம் கொடுத்து அமுக்கினான்.

மேடையிலிருந்து தலைமைத் தேர்வாளர் எழுந்து பார்த்தார். “அந்தக் கட்டை...” என்று ஆரம்பித்தார்.

“வெச்சாச்சு சார்” என்றான் முழுசு.

அவர் டைரியில் பாதி வரி இருந்தது. ஜன்னலோரம் உட்கார்ந்து என்ன செய்கிறார்கள் என்பதை இனி அவரே சொந்தமாக யோசித்து எழுதிக்கொள்ளட்டும்.